அஞ்சலையக்கா கேட்காத பாலிசி

"டீச்சர், இதுல வட்டி எந்தத் தேதிக்கு வரும்னு போட்டிருக்குதா, பாருங்க."

போன மாதம் ஒரு செவ்வாய்க்கிழமை காலை. கேட்டைத் திறந்த கையோடு அஞ்சலையக்கா என்னிடம் ஒரு தடித்த கவரை நீட்டினார். நான் தோசைக்கு மாவு கரைத்துக்கொண்டிருந்தேன். கையைத் துடைத்துக்கொண்டு வாங்கினேன்.

இத்தனை வருடமாக இந்தப் பத்திரிகைப் பக்கத்தில் எத்தனையோ பேரைப் பற்றி உங்களிடம் பேசியிருக்கிறேன். அஞ்சலையக்காவைப் பற்றி இதுவரை சொன்னதில்லை. கோலியனூர் பக்கம் நான் கணக்கு டீச்சராக இருந்த பள்ளியில் சத்துணவு சமைத்தவர். என்னைவிட இரண்டு வயது பெரியவர். நான் விருப்ப ஓய்வு வாங்கிக்கொண்டு எழுத வந்துவிட்டேன். அவர் கடைசி நாள் வரை முட்டை உரித்துவிட்டு, சில மாதங்களுக்கு முன்புதான் ஓய்வு பெற்றார்.

கையில் வந்த தொகையோடு, வீட்டில் இருந்த இரண்டு மாட்டையும் விற்று, மொத்தம் இரண்டு லட்சம் ஆக்கினார். "இத எங்க போடறது டீச்சர்?" என்று அப்போது கேட்டார். நான்தான் சொன்னேன்: "கண்ட ஃபைனான்ஸ்லயும் போடாதீங்க அக்கா. நேரா பேங்க்குக்குப் போங்க. பயமே இல்ல."

பயமே இல்லையாம்! நல்லா சொன்னேன் போங்கள்.

கவரைப் பிரித்தேன். முதல் பக்கத்திலேயே ஒரு குடும்பம் பல் தெரியச் சிரித்துக்கொண்டிருந்தது. இரண்டாவது பக்கம் படித்ததும் எனக்குத் திக்கென்றது. டெபாசிட் ரசீது இல்லை அது... ஆயுள் காப்பீட்டு பாலிசி. பிரீமியம் இரண்டு லட்சம். அது ஒரு தடவைக்கு அல்ல — வருடா வருடம். ஏழு வருடத்துக்கு!

"அக்கா, பேங்க்ல நீங்க என்ன கேட்டீங்க?"

"டெபாசிட்டுதான் கேட்டேன். மாசா மாசம் வட்டி வர்ற மாதிரி. அங்க குந்திக்கினு இருந்த தம்பி, 'அதவிட நல்லது ஒண்ணு இருக்குதும்மா, உங்களுக்கோசரம் நானே போட்டுத் தர்றேன்'னு சொல்லிச்சு. காபி கூட வாங்கிக் குடுத்துச்சு."

"அப்புறம்?"

"ஒரு போன் வரும், எல்லாத்துக்கும் ஆமா, ஆமான்னு சொல்லுங்கன்னு சொல்லிச்சு. வந்துச்சு. சொன்னேன்."

கவருக்குள் அவருடைய விண்ணப்பத்தின் நகலும் இருந்தது. தொழில் என்ற இடத்தில் 'பால் பண்ணை உரிமையாளர்' என்று போட்டிருந்தார்கள். ஆண்டு வருமானம் எட்டு லட்சம். நான் வாய்விட்டுப் படித்தேன். அஞ்சலையக்கா சிரித்துவிட்டார்.

"எட்டு லட்சமா? அப்ப நான் ஏன் டீச்சர் ஓசி பஸ்ல தொங்கிக்கினு வர்றேன்?"

எனக்குச் சிரிப்பு வரவில்லை. நான் மற்ற பக்கங்களைப் புரட்டினேன். எறும்பு ஊர்வது போன்ற எழுத்தில் ஒரு வரி கண்ணில் பட்டது. பாலிசி பிடிக்காவிட்டால், கைக்கு வந்த முப்பது நாளுக்குள் திருப்பிக் கொடுத்துப் பணத்தை வாங்கிக்கொள்ளலாம். தபால்காரர் எப்போது கொடுத்தார் என்று கேட்டேன். கவர் வந்த அன்றைக்குத்தான் ரேஷன் வாங்கினாராம், அதை வைத்துக் கணக்குப் போட்டோம். மூன்று வாரம் ஆகியிருந்தது.

மிச்சம் ஒன்பது நாள்.

இங்கே நான் ஒன்றை ஒப்புக்கொண்டாக வேண்டும். என் வீட்டு பீரோவிலும் இதே மாதிரி நான்கு கவர்கள் இருக்கின்றன. எதையும் நான் படித்ததில்லை. என் கணவர் விரல் வைத்து, "இங்க ஒண்ணு, இங்க ஒண்ணு" என்று காட்டுவார். நான் கையெழுத்துப் போடுவேன். எட்டாம் வகுப்புக்கு இருபத்தாறு வருடம் கூட்டு வட்டி நடத்தியவள் நான்! அசல், வட்டி வீதம், காலம் என்று கரும்பலகை தேய எழுதியவள். சொந்தப் பணம் என்று வரும்போது மட்டும் பேனாவை எடுத்தேனே தவிர, கண்ணாடியை எடுக்கவில்லை.

ஏன்? கேட்டால் எனக்குத் தெரியாது என்பது தெரிந்துபோகுமே! கணக்கு டீச்சருக்குத் தெரியாதா என்று யாராவது நினைத்துவிட்டால்? அந்தக் கூச்சம்தான். கோபம் வந்தது. பேங்க் மேல் பாதி, என் மேல் பாதி.

"கிளம்புங்க அக்கா" என்றேன். தோசை மாவு அப்படியே கிடந்தது.

அன்றைக்கு அந்தத் தம்பி லீவு. மறுநாள் போனோம். விழுப்புரத்தில் அந்த பேங்க் கிளையில் நீங்கள் நுழைந்ததும் இடது பக்கம் ஒரு கண்ணாடி அறை இருக்கும். அதற்குள் டை கட்டிய அந்தத் தம்பி, பிரசன்னா. முப்பது வயதுக்குள்தான் இருக்கும். சிரித்த முகம். என்னைப் பார்த்து, "உட்காருங்க மேடம்" என்றார். அக்காவைப் பார்த்து, "இந்தாம்மா, நீ அந்தச் சேர்ல உட்காரு" என்றார். ஒரே அறைக்குள் இரண்டு தமிழ்.

நான் விஷயத்தைச் சொன்னேன். அவர் பதறவே இல்லை.

"மேடம், நீங்க படிச்சவங்க. உங்களுக்குச் சொன்னா புரியும். டெபாசிட்ல என்ன வருது சொல்லுங்க? இது லாங் டேர்ம். முடியும்போது எவ்ளோ வருதுன்னு பாருங்க."

கம்ப்யூட்டரைத் திருப்பி ஒரு பட்டியலைக் காட்டினார். கடைசி வரியில் பெரிய தொகை ஒன்று இருந்தது. பச்சை நிறத்தில். சொன்னால் நம்ப மாட்டீர்கள்... நானும் "அப்படியா!" என்றேன்.

கடைசி வரி எப்போதுமே பெரிதாகத்தான் இருக்கும். இருபது வருடம் எந்தப் பணத்தை வட்டியில் போட்டு வைத்தாலும் வட்டி வட்டியோடு சேர்ந்து அது வளரும். வளர்ப்பது காலம், கம்பெனியின் கருணை அல்ல. எட்டாம் வகுப்புக் கணக்கு. ஆனால் அந்த ஏசி அறையில், 'நீங்க படிச்சவங்க' என்ற வார்த்தையைக் கேட்டபிறகு, எனக்கு அது சுத்தமாக மறந்துபோனது.

அஞ்சலையக்கா ஐந்தாவது வரை படித்தவர். அவருக்கு மறக்கவில்லை.

"தம்பி, எனக்கு மாசம் இன்னா வரும்?"

"மாசமெல்லாம் இதுல வராதும்மா. கடைசில மொத்தமா..."

"கடைசின்னா எப்போ?"

"இருபது வருஷம்."

"எனக்கு இப்பவே அறுபது. அடுத்த வருஷம் ரெண்டு லட்சம் கட்டணுமே, அது எங்கேர்ந்து வரும்?"

"அதெல்லாம் அப்போ பாத்துக்கலாம்மா."

"யாரு பாத்துக்குவாங்க? நீ கட்டுவியா?"

பிரசன்னா என்னைப் பார்த்தார். 'நீங்களாவது சொல்லுங்க மேடம்' என்பது போல. எனக்கு அப்போதுதான் உறைத்தது. இந்தக் கேள்விகளில் ஒன்றைக்கூட நான் என் வாழ்நாளில் கேட்டதில்லையே!

அவர் முகத்தில் சிரிப்பு குறைந்தது. பாலிசியை ரத்து செய்வதென்றால் இங்கே முடியாது, திண்டிவனத்தில் கம்பெனியின் கிளை இருக்கிறது, அங்கே போங்கள் என்று சொல்லிவிட்டு போனை எடுத்துக்கொண்டார்.

வெள்ளிக்கிழமை திண்டிவனம் பஸ் ஏறினோம். மிச்சம் ஆறு நாள்.

பஸ்ஸில் அக்காவுக்கு ஒரு போன். மருமகன். குட்டியானை சரக்கு வண்டி வாங்க அதே பேங்க்கில் லோனுக்கு எழுதிப் போட்டிருக்கிறார். மாமியார் அங்கே போய்ச் சத்தம் போட்டதாகச் செய்தி அதற்குள் அவர் காதுக்குப் போய்விட்டது. போனில் அவர் பேசுவது பக்கத்து சீட்டில் இருந்த எனக்கே கேட்டது.

"அத்தை, பேங்க்காரங்ககிட்டலாம் மோதாதீங்க. ஒரே பேஜாரா பூடும். போட்டது போட்டதா இருக்கட்டும், வுடுங்க."

"சரிப்பா, பஸ்ல கீறேன், அப்புறம் பேசறேன்" என்று வைத்துவிட்டார். ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். எனக்குப் பயம்... மனம் மாறிவிட்டாரோ?

திண்டிவனத்தில் ஒரு செல்போன் கடைக்கு மேலே மாடியில் இருந்தது அந்த ஆபீஸ். கவுண்டரில் நடுத்தர வயதுப் பெண் ஒருவர். பாலிசியைப் புரட்டிப் பார்த்தார். "பேங்க் மூலமா வந்ததுங்க இது. அவங்கதான் வாங்கி எங்களுக்கு அனுப்பணும். அவங்களுக்கே தெரியுமே!" என்றார்.

தெரியும். தெரிந்துதான் பிரசன்னா எங்களை அனுப்பியிருக்கிறார். மிச்சம் இருக்கும் நாளில் ஒன்றைக் கழித்துவிடலாமே!

நாங்கள் திரும்பும்போது அந்தப் பெண் மெதுவாகக் கூப்பிட்டார். "எழுதிக் குடுங்க. அத வாங்கிக்கிட்டதுக்குத் தேதி போட்டு, சீல் வெச்ச காப்பி வாங்காம வெளிய வராதீங்க. தேதி தாண்டுச்சுன்னா யாராலயும் ஒண்ணும் பண்ண முடியாது." சொல்லிவிட்டுக் கம்ப்யூட்டர் பக்கம் திரும்பிக்கொண்டார், எதுவுமே சொல்லாதவர் போல.

பஸ் ஸ்டாண்டில் அக்கா வறுத்த மல்லாட்டை, அதாவது வேர்க்கடலை, இரண்டு பொட்டலம் வாங்கினார். எனக்கு ஒன்றைக் கொடுத்தார். நான் தயங்கித் தயங்கி, "மருமகன் சொன்னதை நினைச்சு யோசிக்கிறீங்களா அக்கா?" என்று கேட்டேன்.

"யோசிக்கிறேன்தான். இருபத்திரண்டு வருஷம் சம்பளம் வாங்கனேன். ஒரு மாசமாவது அந்தத் துட்டு என் கையில தங்கிச்சா? ஊட்டுக்காரரு குடிக்க கேட்டாரு, குடுத்தேன். பொண்ணு கல்யாணம், குடுத்தேன். இப்பதான் மொத தபா என் பேருல ஒண்ணு நிக்குது. அத இன்னான்னே புரியாத ஒண்ணுத்துல போட்டுட்டு, வுடுங்கறாரு மருமவன். இன்னாத்துக்கு வுடணும்?"

ஒரு மல்லாட்டையை உடைத்து வாயில் போட்டுக்கொண்டார்.

"டீச்சர், பேப்பரு வாங்கிக்கினு வாங்க. லட்டரு எழுதணும்."

நான் எழுதித் தருகிறேன் என்றேன். ஒப்புக்கொள்ளவில்லை. "என் துட்டு. நான்தான் எழுதுவேன்." பஸ் ஸ்டாண்ட் சிமென்ட் பெஞ்சில், பாலிசி கவரையே அட்டையாக வைத்துக்கொண்டு எழுதினார். ஒரு பக்கம் எழுத முக்கால் மணி நேரம். 'நான் டெபாசிட் கேட்டேன். பாலிசி கேட்கவில்லை. எனக்குப் பால் பண்ணை இல்லை. என் பணத்தைத் திருப்பித் தரவும்.' நான் இதுவரை எழுதிய எந்தக் கட்டுரையும் இவ்வளவு தெளிவாக இருந்ததில்லை.

திங்கட்கிழமை. மிச்சம் மூன்று நாள். பென்ஷன் வாங்கும் நேரம் என்பதால் பேங்க்கில் நிற்க இடமில்லை. பிரசன்னா எங்களைப் பார்த்ததும் அறையிலிருந்து அவரே வெளியே வந்துவிட்டார்.

"மேனேஜர் மீட்டிங்ல இருக்காரும்மா. சர்வர் வேற டவுன். லெட்டரக் குடுத்துட்டுப் போங்க. நான் பாத்துக்கறேன்."

"சீல் போட்டு காப்பி குடு தம்பி, போறேன்."

"அந்த மாதிரியெல்லாம் வழக்கம் இல்லம்மா."

"வழக்கம் இல்லன்னு எழுதி, அதுக்கு ஒரு சீலு போட்டுக் குடு."

பிரசன்னாவுக்குக் கோபம் வந்துவிட்டது. "இந்தாம்மா, கையெழுத்துப் போட்டது நீதான? போன்ல ஆமான்னு சொன்னது நீதான? இப்ப வந்து தெரியாதுன்னா? உனக்குப் போய் நல்லது பண்ணேன் பாரு!"

அஞ்சலையக்கா திரும்பினார். ஹாலுக்கு நடுவில் போய் நின்றுகொண்டார். முந்நூறு பிள்ளைகளை வரிசையில் நிற்க வைத்துச் சோறு போட்ட குரல் அது. மைக் தேவைப்படாது.

"இங்க டெபாசிட் போட வந்தவங்க யாருங்க? அவங்க குடுத்த பேப்பர்ல இன்னா எழுதியிருக்குதுன்னு ஒரு தபா படிச்சிடுங்க. நான் டெபாசிட்டுனு கேட்டேன், இன்சூரன்ஸ் போட்டுட்டாங்க. வருசத்துக்கு ரெண்டு லட்சம் கட்டணுமாம். சோறாக்கனவ நான். எனக்கு எட்டு லட்சம் வருமானம்னு எழுதியிருக்காங்க!"

கேஷ் எண்ணும் மிஷின் சத்தம் நின்றது. என் காது சூடாகிவிட்டது. உண்மையைச் சொல்கிறேன் — ஒரு நொடி, தெரிந்தவர்கள் யாராவது என்னைப் பார்க்கிறார்களா என்றுதான் பார்த்தேன். அப்புறம் போய் அக்காவின் பக்கத்தில் நின்றுகொண்டேன்.

வரிசையில் இருந்த ஒரு பெரியவர் தன் மஞ்சள் பையைத் திறந்து, ஒரு கவரை வெளியே எடுத்து, பக்கத்தில் இருந்தவரிடம், "தம்பி, இது இன்னான்னு கொஞ்சம் படிச்சி சொல்லுப்பா" என்றார்.

மீட்டிங்கில் இருந்த மேனேஜர் அரை நிமிடத்தில் வெளியே வந்துவிட்டார்.

"அம்மா, எதுக்கு இங்க நின்னு சத்தம்? உள்ள வாங்க, பேசிக்கலாம்."

"உள்ள இன்னாத்துக்கு சார்? துட்ட இந்தக் கவுண்டர்லதான குடுத்தேன். இங்கயே பேசுங்க."

மேனேஜர் கடிதத்தைக் கையில் வாங்கினார். நின்றபடியே படித்தார். 'எனக்குப் பால் பண்ணை இல்லை' என்ற வரியில் அவர் பார்வை நின்றதைக் கவனித்தேன். பிரசன்னாவை ஒரு பார்வை பார்த்தார். பிறகு அவரே போய் சீலை எடுத்துவந்து, தேதி போட்டு, நகலில் கையெழுத்தும் போட்டுக் கொடுத்தார். எல்லாம் ஐந்து நிமிடம். டவுன் ஆகியிருந்த சர்வர் எப்போது எழுந்தது என்று தெரியவில்லை.

இரண்டு வாரத்தில் பணம் அவருடைய கணக்குக்குத் திரும்பி வந்தது. ஸ்டாம்ப் செலவு, அது இது என்று கொஞ்சம் பிடித்திருந்தார்கள். எதற்கு எவ்வளவு பிடித்தார்கள் என்று அதையும் போய்க் கேட்டு, எழுதி வாங்கிக்கொண்டு வந்தார் அக்கா. இப்போது ஒரு பங்கு, அவசரம் என்றால் எடுக்க சேமிப்புக் கணக்கில். மிச்சம், தபால் ஆபீஸில் மாதா மாதம் வட்டி வருகிற டெபாசிட். அங்கேயும் கவுண்டரில் நின்று அதே கேள்விகளைக் கேட்டாராம். நடுவில் எடுத்தால் எவ்வளவு நஷ்டம் என்ற புதுக் கேள்வி ஒன்றையும் சேர்த்துக்கொண்டார்.

மருமகன் லோன்? அதே பேங்க்கில் சாங்ஷன் ஆகிவிட்டது. பேங்க்குக்கு நம் மேல் கோபமெல்லாம் கிடையாதுங்க. பயம் நம்மிடம்தான் இருக்கிறது.

பணக்காரர் ஆவதற்கான மனநிலை என்று என் போனுக்குத் தினமும் யாராவது ஒரு வீடியோ அனுப்புகிறார்கள். காலை நாலு மணிக்கு எழ வேண்டுமாம். கண்ணை மூடிக்கொண்டு கோடியை நினைக்க வேண்டுமாம். அஞ்சலையக்கா இருபத்திரண்டு வருடம் நாலு மணிக்குத்தான் எழுந்தார். கோடி வந்ததா?

என்னைக் கேட்டால், சொத்து சேர்க்க முதலில் வேண்டியது ஒரே ஒரு வாக்கியம். "எனக்குப் புரியல, மறுபடி சொல்லுங்க." அவ்வளவுதான். டை கட்டியவர் முகம் சுளிக்கட்டும். பின்னால் வரிசையில் இருப்பவர் உச்சுக் கொட்டட்டும். வீட்டில் இருப்பவர் 'உனக்கு எதுக்கு இதெல்லாம்' என்று சொல்லட்டும். புரியும் வரை பேனாவை மூடியே வைத்திருங்கள். புரியாத இடத்தில் போடாமல் தப்பித்த பணமும் சம்பாதித்த பணம்தான். எங்கே முதலீடு செய்வது, எந்த ஃபண்டு, எத்தனை சதவீதம் என்பதெல்லாம் அதற்கு அப்புறம் கற்றுக்கொள்ளலாம். கற்றுக்கொள்ள வயசு வரம்பும் கிடையாது, வருமான வரம்பும் கிடையாது. பணம் நிறைய இருப்பவர்கள்தான் கேள்வி கேட்க வேண்டும் என்று எந்தச் சட்டத்தில் எழுதியிருக்கிறது? குறைவாக இருப்பவர்தான் அதிகம் கேட்க வேண்டும். போனால் திரும்பி வராதே!

என் பீரோவில் இருந்த நான்கு கவர்களையும் ஒரு ஞாயிற்றுக்கிழமை வெளியே எடுத்துப்போட்டேன். முப்பது நாளெல்லாம் எப்போதோ முடிந்துவிட்டது. கணக்குப் போட்டுப் பார்த்தேன். இரண்டைத் தொடர்வதுதான் மேல். ஒன்றை நிறுத்திவிட்டேன், நஷ்டத்தோடு. நான்காவது என்னவென்று எனக்கு இன்னும் புரியவில்லை. புரியவில்லை என்று கம்பெனிக்குக் கடிதம் எழுதியிருக்கிறேன். போன வாரம் என் கணவர் ஏதோ ஒரு ஃபார்மை நீட்டி, வழக்கம் போல விரல் வைத்தார். "இருங்க, படிச்சிட்டுப் போடறேன்" என்றேன். நாற்பது நிமிடம் ஆயிற்று. பாவம், நின்றுகொண்டே இருந்தார்.

இப்போது அஞ்சலையக்காவுக்கு அவர் தெருவில் தனி மரியாதை. மகளிர் குழுவில் நாலைந்து பேர் டெபாசிட் போட வேண்டும் என்று அவரைக் கூட்டிக்கொண்டு பேங்க்குக்குப் போகிறார்கள். அதைக் கேள்விப்பட்டு, ஆசையாகப் போன் செய்தேன். "அக்கா, துணைக்கு நானும் வரட்டுமா?"

கொஞ்சம் யோசித்துவிட்டுச் சொன்னார்:

"நீங்க வேணாம் டீச்சர். நீங்க ஜல்தியா 'அப்படியா'ன்னு கேட்டுடறீங்க."